நம்பிராஜனுக்கு ஒரு கறுப்புக் கட்டம்

கலீலுல்லாவுக்குக் கோபம் வந்தால் கத்த மாட்டான். கையில் இருக்கிற வேலையை இன்னும் சுத்தமாகச் செய்வான். 'மேலைக்கரை' ஆபீசில் எல்லோரும் பயந்தது அதற்குத்தான். கத்துகிற மனிதனைச் சமாதானப்படுத்திவிடலாம். பல்லைக் கடித்துக்கொண்டு, ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாகத் துடைத்து அடுக்குகிறவனிடம் போய் என்னத்தைப் பேச?

அந்தச் சனிக்கிழமை காலையில் அவன் அப்படித்தான் அடுக்கிக்கொண்டிருந்தான். மாதுங்காவில் ஒரு வீட்டின் கீழ்த்தளம்தான் ஆபீஸ். முன்னறையில் முதலாளி பஞ்சாபகேசனின் மேஜை. நடுவில் எழுத்துப் பெட்டிகள். பின்கட்டில் அச்சு மெஷின். வாரம் ஒரு பத்திரிகை. பம்பாய்த் தமிழர்களுக்கு அதுதான் ஊர்ச் செய்தி, உலகச் செய்தி, கல்யாணம், கருமாதி எல்லாம். செய்தி சேகரிப்பதும் கலீலுல்லா, எழுதுவதும் கலீலுல்லா, எழுதியதைப் பக்கமாகக் கட்டுவதும் கலீலுல்லாதான். தலைப்பில் அலை புரள்கிற மாதிரி 'மேலைக்கரை' என்ற எழுத்தை வரைந்தவனும் அவனே. நாற்பத்திரண்டில் ஜெயிலுக்குப் போய், அங்கேயும் கரித்துண்டால் சுவரில் பத்திரிகை நடத்தி, அதற்காக உதை வாங்கியவன். வெளியே வந்ததும் பஞ்சாபகேசன் கூப்பிட்டு வேலையில் வைத்துக்கொண்டார். அந்த நன்றி அவனுக்கு உண்டு. இல்லையென்றால் அன்றைக்கு அவர் மேஜையையே தூக்கித் தெருவில் போட்டிருப்பான்.

நடந்தது இதுதான். துறைமுகத்தில் கப்பல் படைச் சிப்பாய்கள் வெள்ளைக்காரனுக்கு எதிராகக் கிளம்பியதும் ஊரே எழுந்து நின்றது. ஆலைகள் நின்றன. தாராவியில் தோல் பதனிடுகிற தோல்ஷாப்புக்காரர்களும் வேலையைப் போட்டுவிட்டு வெளியே வந்தார்கள். காங்கிரஸ் கொடி, லீக் கொடி, செங்கொடி மூன்றையும் ஒரே கழியில் கட்டி, அதைத் தூக்கிக்கொண்டு முன்னால் போனவன் நம்பிராஜன். தோலைச் சுண்ணாம்புத் தொட்டியில் போட்டு எடுத்து எடுத்து விரலெல்லாம் வெந்துபோன கை அவனுக்கு. கலீலுல்லா அவனுக்குப் பின்னால்தான் பென்சிலும் காகிதமுமாக நடந்துகொண்டிருந்தான். இரண்டு பேரும் திருநெல்வேலிச் சீமை. ஊரில் ஒருத்தருக்கொருத்தர் தெரியாது. தாராவியில் சுவரொட்டி ஒட்டி ஒட்டிச் சேர்ந்த சிநேகம்.

பரேலில் லாரியில் வந்த பட்டாளத்தார் சுட்டார்கள். கூட்டம் திரும்பி ஓடியது. நம்பிராஜனும் திரும்பினான், ஆனால் கொடியை விடவில்லை. குண்டு முதுகில் ஏறியது. கலீலுல்லா கண்ணால் பார்த்தான். கழி விழுந்தது, அவன் அதன் மேலேயே விழுந்தான்.

மறுநாள் சர்க்கார் அறிக்கை வந்தது. பரேலில் ஜவுளிக்கடையைச் சூறையாடிய காலிகள் மீது தற்காப்புக்காகச் சுட வேண்டியதாயிற்று. கொள்ளையில் ஈடுபட்ட தாராவிவாசி ஒருவர் இறந்தார். இவ்வளவுதான். ஜவுளிக்கடையாம்! அந்தத் தெருவில் ஒரு கைக்குட்டை விற்கிற கடைகூடக் கிடையாது.

சனிக்கிழமை விடிந்ததும் நம்பிராஜனின் மனைவி ஆறுமுகத்தாய் தாராவியிலிருந்து நடந்தே ஆபீசுக்கு வந்துவிட்டாள். அழவில்லை. அழுது முடித்துவிட்டு வந்த முகம்.

"அண்ணாச்சி, தோல்ஷாப்பு மேஸ்திரி வந்தாரு. கள்ளப்பய குடும்பத்துக்கு லயன் வீட்ல எடம் கெடையாது, சாமானைத் தூக்குன்னு சொல்லிட்டுப் போறாரு. பக்கத்து வீட்டுக்காரிக எம்மூஞ்சியப் பாக்க மாட்டேங்காளுக. போலீசு சொல்லிச்சாம், துணிக்கடையில களவாங்கும்போது சுட்டதுன்னு."

"ஒனக்குத் தெரியும்லா தங்கச்சி, அவன் அப்பிடிப்பட்டவன் இல்லன்னு."

"எனக்குத் தெரிஞ்சு என்னத்துக்கு? அந்தச் சனங்களுக்குத் தெரியணும்லா? வாயால சொன்னா எவ நம்புதா? ஒங்க பேப்பர்ல அவுக பேரைப் போட்டு, களவாங்கலன்னு எழுதுங்க. எழுத்துல வந்தா நம்புவாக. எனக்கு வேற ஒண்ணும் வேண்டாம்."

"நாளைக்கு வரும்" என்றான் கலீலுல்லா. "என் பேனாவால எழுதி, என் கையால கட்டி வரும். நீ ஆஸ்பத்திரிக்குப் போயி ஒடம்ப வாங்குத வழியப் பாரு."

சொல்லிவிட்டான். சொல்வதில் என்ன கஷ்டம்? எழுதியும் விட்டான். அரைப் பத்திதான். யார், எங்கே, எப்படி, கையில் என்ன இருந்தது, குண்டு எந்தப் பக்கம் ஏறியது. ஒரு அலங்காரம் இல்லை. அதைக் கொண்டுபோய் பஞ்சாபகேசன் மேஜையில் வைத்தான்.

பஞ்சாபகேசன் கெட்டவர் இல்லை. கதர்தான் கட்டுவார். நாற்பத்திரண்டில் ஆறு மாதம் பத்திரிகையை இழுத்து மூடிவிட்டு, மாமியார் வீட்டு அரிசியில் குடும்பம் நடத்தியவர். ஆனால் இப்போது செம்பூரில் மனை வாங்கிப் போட்டிருந்தார், அஸ்திவாரம் தோண்டியாகிவிட்டது. மனிதனுக்கு அஸ்திவாரம் விழுந்த பிறகு கால் நகராது போலிருக்கிறது. படித்தார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மறுபடி படித்தார். அப்புறம் சிவப்புப் பென்சிலை எடுத்து, மேலிருந்து கீழே ஒரே கோடாக இழுத்துவிட்டார்.

"சர்க்கார் அறிக்கையைப் போட்டுடும். மூணாவது பத்தியிலே, கீழே. அது போறும்."

"சார், அது பொய்."

"பொய்னு நேக்குத் தெரியாதா? நேக்கென்ன கண் இல்லையா? பேப்பர் பெர்மிட் யார் கையிலே இருக்கு, சொல்லும். அவா கையிலே. இதைப் போட்டா அடுத்த வாரம் நீர் எதிலே அச்சடிப்பேர்? வாழையிலையிலேயா?"

"அவன் திருடினான்னு போடுறதுக்கு மட்டும் பெர்மிட் இருக்கா சார்?"

பஞ்சாபகேசன் முகம் சிவந்துவிட்டது. "பேரையே போடலையே ஐயா! 'தாராவிவாசி ஒருவர்'னுதானே இருக்கு. யாருக்குத் தெரியப்போறது?"

"தாராவிக்குத் தெரியும்."

"தாராவியிலே எத்தனை பேர் நம்ம பத்திரிகை வாங்கறா? மாதுங்கா வாங்கறது. மாதுங்காவுக்கு இந்த நம்பிராஜன் யாரு? இதோ பாரும், முதல் பக்கத்துக்குக் காங்கிரஸ் தலைவரோட அறிக்கை வந்திருக்கு. ஜனங்க அமைதியா இருக்கணும்னு சொல்லியிருக்கார். அவர் படத்தைப் பெரிசாப் போடும். நடுவிலே. ஜனங்க மனசு அடங்கணும். அதுதான் இப்போ தேசத்துக்கு வேண்டியது."

கலீலுல்லா திரும்பி வந்து ஸ்டூலில் உட்கார்ந்தான். அமைதி! செத்தவன் அமைதியாகத்தான் இருக்கிறான், ஆஸ்பத்திரிக் கிடங்கில், மேலே துணிகூட இல்லாமல். இன்னும் யாரை அமைதியாக இருக்கச் சொல்கிறார்கள் இவர்கள்? நெஞ்சு திகுதிகுவென்று எரிந்தது. அந்த எரிச்சலோடு தலைவரின் அறிக்கையை எழுத்து எழுத்தாகக் கோத்தான். ஆபீசில் பெரிய எழுத்து ஒரே ஒரு செட்டுதான் உண்டு. அது முழுக்கத் தலைவரின் தலைப்புக்கே போய்விட்டது. படத்தின் ப்ளாக்கை நடுவில் வைத்தான். மூன்றாம் பத்தியின் கீழே அந்தப் பொய்யையும் கோத்து வைத்தான். மூன்று மணிக்குப் புரூஃப் எடுத்துக் கொடுத்தான்.

பஞ்சாபகேசன் பார்த்தார். "பேஷ்! கை என்னமோ கைதான் உமக்கு" என்று மூலையில் கையெழுத்துப் போட்டார். குடையை எடுத்துக்கொண்டு செம்பூர் மனையைப் பார்க்கக் கிளம்பிவிட்டார். கொத்தனார்கள் சிமெண்டைத் திருடுகிறார்களாம்.

அவர் வாசலைத் தாண்டியதும் கலீலுல்லா சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டான்.

இங்கே ஒரு விஷயம் சொல்ல வேண்டும். பத்திரிகையில் பத்திக்கும் பத்திக்கும் நடுவே மயிரிழை மாதிரி ஒரு கோடு ஓடும், பக்கத்தைச் சுற்றியும் ஓடும். அதற்கு அச்சாபீசில் ரூல் என்று பெயர். நீளமான உலோகத் தகடு. ஒரு விளிம்பு கூர், இன்னொரு விளிம்பு தடித்தது. எப்போதும் கூர் விளிம்புதான் மேலே இருக்கும். பெரிய மனிதர் யாராவது போய்விட்டால் மட்டும் தகடுகளைத் தலைகீழாகப் புரட்டி வைப்பார்கள். தடித்த அடிப்பக்கம் மையை வாங்கிக்கொண்டு, விரல் பருமனுக்குக் கறுப்பாக அச்சாகும். இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு பெரிய தலைவரின் மனைவி காவலிலேயே காலமானபோது கலீலுல்லாதான் அதைச் செய்தான். அன்று மாதுங்காக் கடைவீதியான கிங்ஸ் சர்க்கிளில், பேப்பர் கடையில் 'மேலைக்கரை'யைக் கிளிப்பில் மாட்டித் தொங்கவிட்டார்கள். யார், எவர் என்று ஒருத்தரும் கேட்கவில்லை. கறுப்பைப் பார்த்தார்கள், ஷட்டரை இறக்கினார்கள். மாதுங்கா வழக்கம் அது. முதலில் கடையை அடைப்பது, அப்புறம் விசாரிப்பது.

கலீலுல்லா பக்கத்தைச் சட்டத்தில் இறுக்கியிருந்த பூட்டைத் தளர்த்தினான். மூன்றாம் பத்தியின் கீழிருந்த சர்க்கார் அறிக்கையைப் பிடுங்கி, எழுத்துகளைக் குப்பையாக ஒரு தட்டில் கொட்டினான். அந்த இடத்தில் கொள்ளுகிற அளவுக்கு, நம்பிராஜனைப் பற்றி நாலைந்து வரியைப் புதிதாகக் கோத்தான். சாதாரண எழுத்துதான். வேறு எழுத்து இல்லை. பிறகு அந்தச் சின்னக் கட்டத்தைச் சுற்றியிருந்த ரூலைப் புரட்டினான். அதோடு நிறுத்தியிருக்கலாம். கை நிற்கவில்லை. ஒரு தோல்ஷாப்புக்காரனுக்குப் பொட்டலம் மாதிரி மூலையில் ஒரு கறுப்புக் கட்டமா? அவனுக்கு மட்டும் ஏன் ஓரத்தில் துக்கம்? பத்தி ரூல்கள், பக்க ரூல்கள், மேல், கீழ், எல்லாவற்றையும் ஒன்று பாக்கியில்லாமல் புரட்டினான். நகக்கண்ணில் ரத்தம் கசிந்தது. துடைத்துக்கொண்டு பூட்டை இறுக்கினான்.

நடுவில் தலைவரின் படம் இருப்பதை அவன் யோசிக்கவே இல்லை. பத்து வருஷமாகப் பல அச்சாபீசுகளில் பக்கம் கட்டியவன், ஒரு பக்கத்தைத் தூரத்தில் நின்று பார்த்தால் கண்ணுக்கு எது முதலில் தெரியும் என்று அடுத்தவனுக்குப் பாடம் எடுக்கிறவன், அன்றைக்கு அதை மறந்துபோனான். அவனுக்கு அந்தப் பக்கத்தில் ஒரு பெயர்தான் தெரிந்தது.

மெஷின்மேன் ஜஹாங்கீர் பம்பாயிலேயே பிறந்த தமிழன். தமிழ் பேசுவான், வாசிக்க வராது. முதல் தாளை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தவன் பதறிப்போனான்.

"அரே பாய், பூரா காலா, எல்லாம் கறுப்பு! கோன் மர் கயா? யாரு போயிட்டாங்க? படா ஆத்மியா, பெரிய மனுசனா?"

"ஆமா" என்றான் கலீலுல்லா. "படா ஆத்மிதான். நீ ஓட்டு."

ஜஹாங்கீர் தொப்பியைச் சரிசெய்துகொண்டு என்னவோ முணுமுணுத்துவிட்டு, மெஷினை ஓட்டினான்.

ஞாயிற்றுக்கிழமை காலை. கலவரத்தில் மூடிக் கிடந்த கடைகள் அன்றைக்குத்தான் திறந்திருந்தன. சனங்கள் பால் இல்லாமல், காய் இல்லாமல், காபிப்பொடி இல்லாமல் தவித்துப்போயிருந்தார்கள். கிங்ஸ் சர்க்கிளே ஜேஜே என்று இருந்தது. கலீலுல்லா டீ குடித்துக்கொண்டே பேப்பர் கடைக்கு எதிரில் நின்றான். கட்டைப் பிரித்துக் கடைக்காரர் ஒரு பிரதியை எடுத்துக் கிளிப்பில் மாட்டினார். மாட்டியவர் தானே ஒரு அடி பின்வாங்கினார்.

அப்போதுதான் கலீலுல்லாவும் பார்த்தான். தெருவைத் தாண்டி, இருபது முப்பது அடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து. எழுத்து ஒன்றும் தெரியவில்லை. நாலு பக்கமும் கன்னங்கரேல் என்று பட்டை. நடுவில் தலைவரின் முகம்.

கையிலிருந்த டீ அவன் வேட்டியில் கொட்டியது.

"ஐயோ! போயிட்டாரா!" என்று ஒரு மாமி கூடையைப் போட்டுவிட்டு வாயில் அடித்துக்கொண்டாள். அவ்வளவுதான். சடசடவென்று ஒரு சத்தம். முதலில் ஜம்புவின் காபிப்பொடிக் கடை ஷட்டர் இறங்கியது. பிறகு பாத்திரக்கடை, மளிகை, பூக்கடை, நகைக்கடை என்று வரிசையாக இறங்கிக்கொண்டே போயிற்று. காபிக் கிளப்பில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் பாதி இட்லியோடு எழுந்து வந்தார்கள். ஆண்பிள்ளைகள் நடுத்தெருவில் நின்று அழுதார்கள். டிராமிலிருந்து இறங்கியவர்கள் என்ன ஏது என்று தெரியாமலே தொப்பியைக் கழற்றினார்கள்.

தப்பு தன்னுடையது என்று கலீலுல்லாவுக்குத் தெரிந்தது. ஆனால் ஒரு நிமிஷம், ஒரே ஒரு நிமிஷம், அந்த மூடிய கடைகளின் வரிசையைப் பார்த்தபோது நெஞ்சுக்குள் ஏதோ குளிர்ந்ததும் உண்மை. டேய் நம்பி, பாருடா. ஒனக்காக மாதுங்காவே அடைச்சுக் கெடக்கு.

அது நீடிக்குமா? தமிழ் படித்த ஊர் ஆயிற்றே. யாரோ பிரதியை வாங்கிப் படிக்க ஆரம்பித்தார்கள். "அமைதியா இருக்கச் சொல்லி நேத்து அறிக்கை விட்டிருக்கார்ங்காணும்! இறந்தவர் எப்படி அறிக்கை விடுவார்?" கூட்டம் அந்தத் தாளை மொய்த்தது. கடைசியில் மூன்றாம் பத்தியின் அடிக்கு ஒரு விரல் போயிற்று. "இதோ, இவனுக்குத்தான் கட்டம் கட்டியிருக்கு. நம்பிராஜனாம். தாராவி. தோல்ஷாப்புக்காரனாம்."

"தோல்ஷாப்பா?" என்றார் ஜம்பு. அவர் முகத்தில் அப்போதுதான் உயிர் வந்தது. "அப்பாடா! வயத்திலே பாலை வார்த்தேள் போங்கோ! நான் என்னமோ ஏதோன்னு பயந்தே போயிட்டேன். யாரோ கூலிக்காரனா? நல்ல வேளை!"

நல்ல வேளை என்றார். சிரித்தார். சுற்றி நின்றவர்களும் சிரித்தார்கள். ஒருவர் இன்னொருவர் முதுகில் தட்டிக்கொடுத்தார். அழுத கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தார்கள், கல்யாண வீட்டில் போல. ஷட்டர்கள் மறுபடி மேலே ஏற ஆரம்பித்தன.

பாவிகளா! கடையை அடைத்தபோதுகூடக் கலீலுல்லா இவ்வளவு நொந்துபோகவில்லை. அது தவறு, தன் தவறு, சரி. திறக்கிறார்களே, அது என்ன? அதைத் தெரிந்துதானே செய்கிறார்கள்? செத்தது யார் என்று படித்துவிட்டு, முதுகில் சுட்டார்கள் என்பதையும் படித்துவிட்டு, சந்தோஷமாகத் திறக்கிறார்களே!

அப்போது பஞ்சாபகேசன் வந்து சேர்ந்தார். குளிக்காமல், மேல்சட்டைப் பித்தானை மாற்றிப் போட்டுக்கொண்டு, மூச்சிரைக்க. கையில் ஒரு பிரதி.

"கலீல்! என்னைக் கொன்னுட்டேர்! குடும்பத்தோட கொன்னுட்டேர்! தலைவர் படத்தைச் சுத்திக் கறுப்புக் கட்டமா? நேக்கு வீட்டுக்கு எத்தனை பேர் வந்து கதவைத் தட்டறா தெரியுமா? உமக்கு மூளை இருக்கா?"

"படம் தப்பு சார். அதை நான் பாக்கல. அதுக்கு என்னை செருப்பால அடிங்க. கட்டம் தப்பு இல்ல."

"நாளையிலேர்ந்து ஆபீஸ் பக்கம் வராதேயும்."

"வரமாட்டேன்."

பஞ்சாபகேசன் இன்னும் என்னவோ கத்த வாயைத் திறந்தார். திறந்த வாய் அப்படியே நின்றது. தாதர் பக்கத்திலிருந்து ஒரு கைவண்டி வந்துகொண்டிருந்தது.

ஊர்வலம் கூடாது, நாலு பேருக்கு மேல் போகக்கூடாது என்று போலீசார் சொல்லித்தான் உடம்பைக் கொடுத்திருந்தார்கள். இரண்டு பேர் முன்னால் இழுத்தார்கள், ஒருத்தர் பின்னால் தள்ளினார். பாயில் சுற்றிக் கயிறு போட்டுக் கட்டியிருந்த உடம்பு வண்டி ஆடும்போதெல்லாம் ஆடியது. மேளம் இல்லை, சங்கு இல்லை, ஒரு முழம் பூகூட இல்லை. வண்டியின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு ஆறுமுகத்தாய் நடந்து வந்தாள். கலீலுல்லாவைக் கண்டதும் வண்டியை விட்டுவிட்டு அவனிடம் வந்தாள். அவள் முகத்தில் நேற்று இல்லாத ஒரு தெளிவு இருந்தது.

"அண்ணாச்சி, தூரத்துல வரும்போதே பாத்தேன். கட கண்ணியெல்லாம் அடச்சிக் கெடந்துச்சி. யாருக்குன்னு அங்கன ஒருத்தர்ட்ட கேட்டேன். பேப்பர்ல வந்திருக்குன்னு சொன்னாரு. எனக்கு ஒடம்பெல்லாம் ஆடிப்போச்சி. சொன்னபடி போட்டுட்டீகளா?"

"போட்டுட்டேன் தங்கச்சி."

"அவுக பேரையா?"

"அவன் பேரைத்தான்."

அவள் தலையைத் திருப்பி இரண்டு பக்கமும் பார்த்தாள். பாத்திரக்கடை ஷட்டர் கடகடவென்று மேலே ஏறிக்கொண்டிருந்தது. ஜம்பு கடைக்குள் ஊதுபத்தி ஏற்றிக்கொண்டிருந்தார்.

"அப்பொ இப்பொ எதுக்குத் தொறக்காக?"

கலீலுல்லா எத்தனையோ கூட்டத்தில் பேசியவன். ஜட்ஜ் முன்னால் பேசியவன். அவன் அந்தத் தாளைப் பார்த்தான், பஞ்சாபகேசனைப் பார்த்தான், தரையைப் பார்த்தான்.

அவளுக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. பக்கத்தில் யாரோ இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். "நல்ல வேளை, தலைவர் இல்லையாம்" என்று புதிதாக வந்தவருக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஆறுமுகத்தாய் கேட்டுக்கொண்டு நின்றாள். அந்தத் தெளிவு அவள் முகத்திலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகப் போயிற்று. பிறகு வேறொன்று வந்தது.

"வண்டிய நிப்பாட்டுங்க" என்றாள்.

"தாயி, நேரமாவுது…" என்றார் இழுத்தவர்களில் ஒருவர்.

"இங்கனயே நிப்பாட்டுங்கன்னு சொல்லுதேன்லா!"

வண்டி நின்றது. கிங்ஸ் சர்க்கிளில், ஜம்பு கடைக்கு நேர் எதிரே, வாங்க வருகிறவர்கள் எல்லோரும் தாண்டிப் போக வேண்டிய இடத்தில். ஆறுமுகத்தாய் வண்டிச் சக்கரத்துக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். சேலையை இழுத்து மூடிக்கொண்டாள். பிணம் தெருவில் கிடக்கும்போது எவன் வியாபாரம் பண்ணுவான்? எந்த வீட்டுப் பெண் காபிப்பொடி வாங்குவாள்? கடை வாசலில் நின்றவர்கள் ஒவ்வொருவராகக் கூடையை இடுப்பில் இடுக்கிக்கொண்டு ஒதுங்கினார்கள். சிரிப்பும் நின்றுபோயிற்று.

ஜம்பு ஓடி வந்தார். "என்னம்மா இது? வழியிலே இப்படி… எடுத்துண்டு போங்கோம்மா. நாங்க என்ன பண்ணினோம்?"

அவள் அவரைப் பார்க்கவே இல்லை.

பஞ்சாபகேசன் கலீலுல்லாவின் கையைப் பிடித்தார். "சொல்லுமய்யா அவ கிட்டே. உம்ம பேச்சைக் கேப்பா. போலீஸ் வந்துடப்போறது. நீர் போட்டதுக்கு நானில்லே பதில் சொல்லணும்?"

"நீங்களே சொல்லுங்க சார். பத்திரிகை உங்களது."

"நான் என்னத்தைச் சொல்ல?"

ஆறுமுகத்தாய் தலையை நிமிர்த்தினாள். "இவுகதான் மொதலாளியா அண்ணாச்சி?"

"ஆமா."

"இவுக கையில இருக்கதுதான் பேப்பரா? எங்க இருக்கு அவுக பேரு?"

கலீலுல்லா குனிந்து, அந்தத் தாளில் மூன்றாம் பத்தியின் அடியைத் தொட்டுக் காட்டினான். அவள் எழுந்து வந்து பார்த்தாள். கறுப்புப் பட்டைக்கு நடுவில் நாலைந்து வரி. அவளுக்கு அது கோடும் சுழியும்தான்.

"வாசிங்க" என்றாள் பஞ்சாபகேசனிடம்.

"நானா?"

"எனக்கு வாசிக்கத் தெரியாது. ஒங்க பேப்பர்தான? நீங்க வாசிங்க. இவுகளுக்கெல்லாம் கேக்கணும்."

பஞ்சாபகேசன் சுற்றிப் பார்த்தார். மாதுங்கா முழுக்க அவரைப் பார்த்துக்கொண்டிருந்தது. தன் சிவப்புப் பென்சில் கோட்டை நினைத்தாரோ, செம்பூர் அஸ்திவாரத்தை நினைத்தாரோ, தெரியாது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டார்.

"நம்பிராஜன்…" என்று ஆரம்பித்தார்.

"சத்தமா."

"நம்பிராஜன். தாராவி தோல்ஷாப்பு தொழிலாளி. மூன்று கொடிகளை ஒரே கழியில் கட்டிப் பிடித்துக்கொண்டு பரேலுக்கு நடந்து போனார். கையில் வேறு ஒன்றும் இல்லை. திரும்பியபோது…" தாளைக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனார். "திரும்பியபோது முதுகில் சுட்டார்கள். இவர் திருடர் அல்ல. கண்ணால் பார்த்தவன் எழுதுகிறேன்."

டிராம் ஒன்று மணியடித்துக்கொண்டே வந்து, வழி இல்லாமல் நின்றது.

"கடேசிக்கு முந்துனத இன்னொரு தரம்" என்றாள்.

"இவர் திருடர் அல்ல" என்றார் பஞ்சாபகேசன். இந்தத் தடவை யாரும் கேட்காமலே சத்தமாக வந்தது.

கூட்டத்தில் தாராவியிலிருந்து சாமான் வாங்க வந்த இரண்டு பெண்கள் இருந்தார்கள். ஒருத்தி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். நேற்று ஆறுமுகத்தாயின் முகத்தைப் பார்க்காமல் கதவைச் சாத்தியவள் அவள்தான். ஆறுமுகத்தாய்க்கு அவளைத் தெரிந்தது. பார்த்துவிட்டு மறுபடி கடைகள் பக்கம் திரும்பினாள்.

ஜம்பு கடைக்குத் திரும்பி நடந்தார். ஏற்றிய ஊதுபத்தியை அணைத்தார். எக்கிப் பிடித்து ஷட்டரைக் கீழே இழுத்தார். அது பாதியில் சிக்கிக்கொண்டது, தொங்கி இழுத்தார். அடுத்தது பாத்திரக்கடை. அப்புறம் மளிகை. முன்பு இறங்கியபோது இருந்த சடசடப்பு இல்லை. ஒவ்வொன்றாக, ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்காமல் இறக்கினார்கள். நகைக்கடைக்காரர் மட்டும் வெகுநேரம் கையைப் பிசைந்துகொண்டு நின்றார். கடைசியில் அவரும் இறக்கினார்.

ஆறுமுகத்தாய் கடைசி ஷட்டர் தரையைத் தொடும் வரைக்கும் நின்று பார்த்தாள். பஞ்சாபகேசன் கையிலிருந்து அந்தத் தாளை வாங்கி, மடித்து, நம்பிராஜனின் பாய்க்கட்டின் கயிற்றுக்கு அடியில் செருகினாள். சேலைத் தூசியைத் தட்டிக்கொண்டாள்.

"வண்டிய எடுங்க" என்றாள். "இனி வேணும்னா தொறந்துக்கிடட்டும்."

கலீலுல்லா போய், வண்டியின் பின்பக்கத்தில் கை கொடுத்துத் தள்ளினான்.